அண்ணாச்சியின் நாற்பது பல்புகள்

எங்கள் அண்ணாச்சி அம்பாசமுத்திரத்தில் பிறந்தார். தாமிரபரணி அந்த வீட்டிலிருந்து நடக்கும் தூரம். சென்ற ஆண்டு, பெரிய கார்த்திகைக்கு ஐந்து நாள் இருக்கையில், எந்த ஆற்றுக்கும் நடந்து போக முடியாத ஜனக்புரியின் ஒரு முதல்மாடி வீட்டில், விடியற்காலையில் கண் மூடினார். இரண்டுக்கும் நடுவே எழுபத்தொரு வருஷம். அதில் ஐம்பது வருஷம் டெல்லி.

அண்ணாச்சியின் நினைவு மலருக்கு நான் எழுத வேண்டும் என்று சென்னையிலிருந்து தங்கச்சி போன் செய்தாள்.

"சின்னண்ணே, ஒன் கோமாளித்தனத்த இதுல காட்டாத. அண்ணாச்சி படத்துக்குப் பக்கத்துல அச்சாகும்."

"படத்துக்கு எந்தப் பக்கம்?" என்றேன். போனை வைத்துவிட்டாள்.

அவள் பயம் நியாயமானதுதான். அண்ணாச்சியைத் தூக்கிக்கொண்டு மாடிப்படி இறங்கும்போதுகூட, திருப்பத்தில் நின்று "மெதுவா, அவருக்கு முட்டி வலி" என்று சொன்னவன் நான். நான்கு பேர் சிரித்துவிட்டு, சிரித்ததற்காக அழுதார்கள்.

ஆனால் இந்தக் கட்டுரையில் ஒரு விஷயத்தை நான் சொல்லியாக வேண்டும். நாற்பது வருஷமாக அண்ணாச்சியிடம் சொல்ல நினைத்து, சொல்லாமலே விட்டது. அவருக்கு ஏன் கல்யாணம் ஆகவில்லை என்பதற்கு நம் சொந்தக்காரர்களிடையே மூன்று காரணங்கள் புழங்குகின்றன. ஜாதகம் ஒன்று, தம்பி தங்கை பொறுப்பு ஒன்று, பெண் வீட்டாரின் மண்டைக்கனம் ஒன்று. மூன்றும் இல்லை. காரணம் நான். அதை விளக்க, முதலில் விளக்குகளைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

அப்பா இறந்தபோது அண்ணாச்சி மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் குமாஸ்தாவாகச் சேர்ந்து கொஞ்ச நாள்தான் ஆகியிருந்தது. அம்மாவையும் தங்கச்சியையும் என்னையும் கரோல் பாகில் ஒற்றை அறைக்கு அழைத்து வந்தார். நால்வரும் ஒரே சமயத்தில் உட்கார்ந்து சாப்பிட்டால் கதவைத் திறக்க முடியாது. அங்கேதான் நாங்கள் முதல்முதலாக டெல்லித் தீபாவளியைப் பார்த்தோம். நமக்கு விடியலில் எண்ணெய் தேய்த்துக் குளித்துப் பட்டாசு வெடித்தால் முடிந்துவிடும் பண்டிகை, அவர்களுக்கு மறுநாள் சாயங்காலம்தான் தொடங்கும். கைப்பிடிச் சுவர் முழுக்க அகலும் மெழுகுவத்தியும் வைப்பார்கள். மின்சார விளக்குச் சரம் அப்போது வீடுகளில் இல்லை. பெரிய ரோட்டு நகைக்கடைக்காரர் மட்டும் கட்டியிருந்தார். அதைப் பார்க்கக் குடும்பம் குடும்பமாக வருவார்கள். நாங்களும் போனோம். எல்லோரும் விளக்கைப் பார்த்தார்கள். அண்ணாச்சி, ஒயர் எங்கே போகிறது என்று பார்த்தார்.

சில வாரம் கழித்துப் பெரிய கார்த்திகை வந்தது. அம்மா மொட்டைமாடிச் சுவரில் அகல் வைக்கப் போனாள். வீட்டுக்காரர் எண்ணெய்க் கறை படியும் என்று தடுத்துவிட்டார். அம்மா அகல்களை முந்தானையில் கட்டிக்கொண்டு இறங்கி வந்து அடுப்பு மேடையில் வரிசையாக வைத்தாள். அடுத்த வருஷம் அண்ணாச்சி சரம் செய்தார்.

அவருடைய ஆபீஸ் எலக்ட்ரீஷியன் சொல்லிக்கொடுத்த கணக்கு எளிமையானது. டார்ச் லைட் பல்பு ஆறு வோல்ட். நாற்பது பல்பை ஒன்றன்பின் ஒன்றாகக் கோத்தால் வீட்டுக் கரண்டைத் தாங்கும். ஒரே நிபந்தனை, நாற்பதும் நன்றாக இருக்க வேண்டும். ஒன்று போனால் எல்லாம் போச்சு. சீரியல் செட் என்று நம்மூரில் சொல்வது இதைத்தான். டெல்லியில் இதற்குப் பெயர் 'லடி'.

இந்த 'லடி'யில்தான் என் இந்தி அரங்கேறியது. இப்படிச் செய்வதற்கு மாதிரியாக ஒரு சரம் வாங்கி வரச்சொல்லி அண்ணாச்சி என்னைக் கடைக்கு அனுப்பினார். நான் பத்தாம் வகுப்பு, டெல்லி வந்து ஒரு வருஷம் ஆகியும் இந்தி எனக்கு இரண்டு மாதக் குழந்தை. கடைக்காரரிடம் மிகுந்த மரியாதையுடன், "பையா, ஏக் லட்கி தீஜியே, லம்பீ வாலீ" என்றேன். ஒரு பெண் கொடுங்கள், நீளமானதாக.

கடைக்காரர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். "ஷாதி கே லியே, யா பால்கனி கே லியே?" கல்யாணத்துக்கா, பால்கனிக்கா?

"பால்கனி" என்றேன். அண்ணாச்சி ஐம்பது வருஷமும் இந்தக் கதையை எல்லாரிடமும் சொன்னார். "எந்தம்பி லட்கி கேட்டுப் போயி லடி வாங்கிட்டு வந்தான்" என்று முடிப்பார். எங்கள் இரண்டு பேர் வாழ்க்கையும் அந்த ஒரு வரியில் அடங்கிவிடும் என்று அப்போது அவருக்கும் தெரியாது.

முதல் சரம் எரிந்த அன்று அம்மா இடுப்பில் கைவைத்துப் பார்த்தாள். "எண்ணெ இல்லாத வெளக்குக்கு என்னல பேரு?"

"வெளக்குதாம்மா. கரண்டுதான் எண்ணெ."

அம்மா ஒத்துக்கொண்டாள். வாசலில் ஓர் அகல் மட்டும் தனியாக ஏற்றிவைத்தாள்.

பிறகு ஜனக்புரியில் அண்ணாச்சிக்கு இந்த வீடு கிடைத்தது. பால்கனி கிடைத்தது. சரத்துக்குக் கௌரவம் கிடைத்தது. ஒவ்வொரு பல்புக்கும் பிளாஸ்டிக் பூ ஒன்றைத் தொப்பி போல மாட்டினார். ஆனால் தீபாவளிக்கு அதை எடுக்க மாட்டார். "நமக்கு வெளக்கு கார்த்திகைக்குத்தான்" என்பார். தெரு முழுக்க ஜகஜ்ஜோதியாக இருக்கும்போது எங்கள் பால்கனியில் துண்டு காயும். சில வாரம் கழித்து, எல்லோரும் விளக்கைக் கழற்றிப் பரணில் போட்டபிறகு, பனியும் புகையும் கலந்த ஒரு சாயங்காலத்தில், தெருவிலேயே எங்கள் பால்கனி மட்டும் எரியும்.

டெல்லியில் அந்த மாதத்தில் வீட்டில் விளக்குச் சரம் தொங்கினால் ஒரே அர்த்தம்தான். அந்த வீட்டில் கல்யாணம். கீழ்வீட்டுப் பஞ்சாபி ஆண்ட்டி முதல் வருஷமே மேலே பார்த்துக் கேட்டார், "கர் மே ஷாதி ஹை?"

"நஹீ ஜி, கார்த்திகை ஹை" என்றார் அண்ணாச்சி.

"அச்சா! கார்த்திக் கி ஷாதி!" என்று ஆண்ட்டி மகிழ்ந்து ஒரு டப்பா லட்டுடன் ஏறி வந்துவிட்டார். மாப்பிள்ளை எங்கே என்று உள்ளே எட்டிப் பார்த்தார். கார்த்திக் என்று எங்கள் வீட்டில் யாரும் இல்லை என்பதை எடுத்துச் சொல்லும் அளவுக்கு எங்கள் இந்தி வளரவில்லை. நான் கும்பிட்டு லட்டை வாங்கிக்கொண்டேன். ஆண்ட்டிக்குப் பின்னால் விஷயம் தெரிந்தது. ஆனாலும் விடவில்லை. வருஷா வருஷம் கார்த்திகையன்று கீழேயிருந்து "கார்த்திக் கி ஷாதி முபாரக்" என்று வாழ்த்துக் குரல் வரும். லட்டும் வரும்.

இனி நான் சொல்ல வந்தது.

அண்ணாச்சிக்கு முப்பது, எனக்கு இருபத்துமூன்று. முருகன் கோயிலில் பார்த்த ஒரு பெண்ணை அண்ணாச்சிக்குப் பிடித்துவிட்டது. தானாக அவர் எதையும் கேட்டதே இல்லை. அவ்வருஷம் அம்மாவிடம், "அந்த வீட்ல கேட்டுப் பாருங்க" என்று சுவரைப் பார்த்துச் சொன்னார். கரோல் பாக் குடும்பம். பெண்ணின் தகப்பனாரும் தாயாரும் கார்த்திகையன்று மாலை வீட்டைப் பார்க்க வருவதாகச் சொல்லியனுப்பினார்கள். அண்ணாச்சி இரண்டு நாள் லீவு போட்டுச் சரத்தைத் துடைத்தார். அவர்கள் வாசலில் கால் வைக்கும்போது விளக்கு எரிய வேண்டும் என்பது திட்டம்.

எனக்கும் ஒரு திட்டம் இருந்தது. ஜன்னல் வழியாகக் கைக்கு எட்டுகிற பல்பு ஒன்றே ஒன்று, பதினேழாவது. அதை அரைத் திருகு கழற்றி வைத்தேன். விளக்கு எரியாது, அண்ணாச்சி திண்டாடுவார், நான் அலட்டிக்கொள்ளாமல் போய் ஒரு திருகு திருகுவேன், எல்லோரும் கைதட்டுவார்கள். இருபத்துமூன்று வயதில் இது நகைச்சுவை என்று நான் நம்பியதை நினைத்தால், அந்தப் பையனைப் பிடித்து உலுக்கலாம் போலிருக்கிறது.

அவர்கள் இருவர் வருவதாகச் சொல்லி ஐவராக வந்தார்கள். அம்மா என்னை உள்ளே இழுத்தாள்.

"காப்பிக்குப் பால் காணாது. பூத்துக்கு ஓடு. ஜல்தி."

அம்மா டெல்லியில் கற்றுக்கொண்ட முதல் இந்தி வார்த்தை 'ஜல்தி'. அவள் அதைச் சொன்னால் மறுபேச்சு கிடையாது. ஓடினேன். பால் பூத்தில் வரிசை தெரு திரும்பி நின்றது.

அடுத்து நடந்ததை அம்மாதான் எனக்குச் சொன்னாள். சுவிட்சைப் போட்டார், எரியவில்லை. "ஒரு நிமிஷம்" என்று விருந்தாளிகளிடம் சொல்லிவிட்டுப் பால்கனி ஸ்டூலில் ஏறினார். நாற்பதாவது பல்பைக் கழற்றி நல்ல பல்பு ஒன்றைப் போட்டார். இறங்கி உள்ளே வந்து சுவிட்சைப் போட்டார். எரியவில்லை. சுவிட்சை அணைத்து, "ஒரு நிமிஷம்" என்று சொல்லிவிட்டு மறுபடி ஏறினார். முப்பத்தொன்பதாவது. இறங்கி வந்தார். "ஒரு நிமிஷம்." சுவிட்ச் பக்கத்தில் நிற்க வேண்டிய தம்பி பால் வாங்கப் போயிருந்தான். தங்கச்சி சமையலறையில் கொழுக்கட்டைக்கு நடுவே மாட்டிக்கொண்டிருந்தாள். ஆக, மாப்பிள்ளை இருபத்துநான்கு தடவை கூடத்துக்கு வந்து, இருபத்துநான்கு தடவை ஒரு நிமிஷம் கேட்டுவிட்டு வெளியே போனார். மற்ற நேரமெல்லாம் அவர்களுக்குத் தெரிந்தது ஸ்டூல்மேல் நின்ற இரண்டு கெண்டைக்கால்கள்தான். கொழுக்கட்டையைச் சாப்பிட்டார்கள். காப்பி இல்லாமலே எழுந்தார்கள்.

நான் பாலுடன் தெருமுனை திரும்பியபோது அவர்கள் கேட்டைத் தாண்டிக்கொண்டிருந்தார்கள். சரியாக அப்போது எங்கள் பால்கனியில் நாற்பதும் எரிந்தது. அவர்களில் யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. நான் மட்டும் பார்த்தேன். மாடியேறி உள்ளே போனபோது அண்ணாச்சி வேர்வையைத் துடைத்துக்கொண்டிருந்தார். என்னை ஒரு பார்வை பார்த்தார்.

"லூஸு" என்றார். அவ்வளவுதான்.

பல்பைச் சொல்கிறார் என்று எடுத்துக்கொண்டேன். "அப்படியா, எத்தனாவது?" என்று கேட்கவும் செய்தேன். அவர் கைகழுவப் போனார்.

பத்து நாளில் பதில் வந்தது, இன்னொருவர் மூலமாக. பையன் நல்ல மாதிரி, ஆனால் கொஞ்சம் லூஸு போல இருக்கு. அண்ணாச்சி, "கரெக்டாத்தான் சொல்லியிருக்காக" என்று சொல்லிவிட்டு ஆபீசுக்குப் போனார். அந்தப் பெண்ணுக்கு அடுத்த தையில் வேறிடத்தில் கல்யாணம் ஆனது. அதற்குப்பின் எத்தனையோ ஜாதகம் வந்தது. அண்ணாச்சி ஒன்றையும் பிரிக்கவில்லை. மூத்தவனுக்கு ஆகாமல் இளையவனுக்குச் செய்ய மாட்டேன் என்று அம்மா பிடித்த பிடியில் நின்றாள். தங்கச்சிக்கு மட்டும் முடித்தோம். ஆக, நான் கழற்றியது ஒரு பல்பு. அதோடு அணைந்தது இரண்டு பேர். சீரியல் செட்டின் குணமே அதுதான்.

இதைச் சொல்ல எனக்கு நாற்பது கார்த்திகை கிடைத்தது. ஒவ்வொரு வருஷமும் இந்தத் தடவை சொல்லிவிடலாம் என்று தொண்டையைச் செருமுவேன். ஜோக் ஒன்று முந்திக்கொண்டு வந்துவிடும். அம்மா போனபின் வீட்டில் நாங்கள் இரண்டு பேர்தான். காலையில் பேப்பரை இரண்டாகப் பிரித்துக்கொள்வோம். அவருக்குத் தலைப்புச் செய்தி, எனக்கு விளையாட்டு. பேச்சு குறைவு. ஆனால் கார்த்திகையன்று மாலை மட்டும் ஒரு சடங்கு தவறாது. அந்தச் சம்பவத்துக்கு அடுத்த வருஷத்திலிருந்து என் வேலை சுவிட்ச் பக்கத்தில் நிற்பது மட்டுமே. சரத்தைத் தொட விடமாட்டார். அவரே ஏறிக் கட்டிவிட்டு, ஸ்டூலிலிருந்து குரல் கொடுப்பார்.

"ஏல, லூஸு ஏதும் இருக்கான்னு பாத்துக்கோ. போடு."

நான் சுவிட்ச் பக்கத்தில் இருந்துகொண்டு எதைப் பார்ப்பது? "ஒண்ணும் இல்ல அண்ணாச்சி" என்று போட்டுவிடுவேன்.

தெருவில் காலம் மாறியது. அகலும் மெழுகுவத்தியும் போய் அரிசி மாதிரிப் பொடிப் பல்புச் சரம் வந்தது. பிறகு எட்டு விதமாகக் கண்சிமிட்டி, கூடவே பாட்டும் பாடும் சரம் வந்தது. ஒரு மாதம் முழுக்கத் தெருவே ஒரே பாட்டைப் பாடி எங்களைப் படுத்தியது. பிறகு எல்.இ.டி. இப்போது எதிர்வீட்டில் போனில் தொட்டால் நிறம் மாறுகிறது. தங்கச்சி வாங்கித்தந்த எல்.இ.டி. சரம் பிரிக்காத பெட்டியோடு செருப்பு ஸ்டாண்டின்மேல் இருக்கிறது. அண்ணாச்சி ஆறு வோல்ட் டார்ச் பல்பைத் தேடிச் சாந்தினி சௌக் சந்துகளில் அலைவார். ஜனக்புரித் தமிழ்ப் பள்ளியின் ஆண்டு விழாவில் மேடை விளக்கு அணைந்தால் ஆள் அனுப்புவது இவருக்குத்தான். ஊரிலிருந்து புதிதாக வருகிறவர்களுக்கு ரேஷன் கார்டு விண்ணப்பம் நிரப்பிக்கொடுத்ததும், பூர்த்தி செய்ய முடியாத இடங்களில் தம் முகவரியை எழுதியதும் இதைப் படிக்கும் பலருக்குத் தெரியும்.

சென்ற கார்த்திகைக்கு முன்பே நெஞ்சு சளி அதிகமாகிவிட்டது. டெல்லிப் புகை இளைஞர்களையே விடுவதில்லை. ஆஸ்பத்திரியில் ஒரு வாரம் வைத்து அனுப்பினார்கள். வீட்டுக்கு வந்ததும் பரணிலிருந்து சரம் இருக்கும் ட்ரங்குப் பெட்டியை இறக்கச் சொன்னார். இறக்கிக் கட்டில் பக்கத்தில் வைத்தேன். "இந்த வருஷம் நீ ஏறு" என்றார். "நான் சுவிட்ச் போடுதேன்."

இதுதான் சமயம் என்று எனக்குத் தெரிந்தது. "அண்ணாச்சி, ஒரு விஷயம்" என்றேன்.

"சொல்லு."

"ஸ்டூல் என்னெத் தாங்குமா?" என்றேன்.

அவர் சிரித்தார். சிரிப்பு இருமலானது. இரண்டாம் நாள் விடியலில் போய்விட்டார்.

துக்க வருஷத்தில் பண்டிகை கிடையாது. சென்ற கார்த்திகையன்று பால்கனி இருட்டாக இருந்தது. கீழேயிருந்து முபாரக் வரவில்லை. ஆண்ட்டி சப்பாத்தி கொண்டுவந்து வைத்துவிட்டு இறங்கிப் போனார். ஒரு வருஷமாகப் பேப்பரைப் பிரிப்பதில்லை. முழுசாக வருகிறது, முழுசாகக் கிடக்கிறது. நான் இந்த வருஷம் நல்ல ஜோக் நாலைந்து சொன்னேன். ஃபிரிட்ஜ் ஒன்றுதான் உறுமியது.

தலைத்திவசம் முடிந்தால் விளக்குப் போடலாம் என்றார்கள். அதனால் போன ஞாயிறு மத்தியானம் பெட்டியைத் திறந்தேன். சரத்தைக் கூடத்துத் தரையில் நீட்டிப் பிளக்கைச் சொருகினேன். எரியவில்லை. வேறு வழியில்லை. நாற்பதாவதில் தொடங்கினேன். கழற்றி, நல்லதைப் போட்டு, எழுந்து போய்ச் சுவிட்சைப் போட்டு, அணைத்து, வந்து உட்கார்ந்தேன். சுவிட்ச் பக்கத்தில் யாரும் இல்லாவிட்டால் இது எத்தனை நீளமான வேலை என்பது அன்றுதான் எனக்குத் தெரிந்தது. நாலைந்து பல்பு தாண்டியதும், சுவரில் இருந்த படத்தைப் பார்த்து, "ஒரு நிமிஷம் அண்ணாச்சி" என்று என்னை அறியாமல் சொல்லிவிட்டேன். பிறகு ஒவ்வொரு தடவையும் சொன்னேன்.

பதினேழாவதற்கு வந்தேன். பிளாஸ்டிக் பூவை விலக்கினேன். பல்பு திரும்பவில்லை. அடியில் கறுப்பு டேப் சுற்றியிருந்தது. புதிய, பளபளக்கும் டேப். நகத்தால் நுனியைக் கிளப்பினேன். அதற்குக் கீழே பழைய பிளாஸ்டிக் டேப், ஓரம் பொடிந்தது. அதற்கும் கீழே துணி டேப், இப்போது கடைகளில் கிடைக்காத, தார் வாசனை அடிக்கிற, எங்கள் இளமைக்காலத்து டேப். கல்லாக இறுகிப்போயிருந்தது. பல்பை மாற்றும்போதெல்லாம் மேலே மேலே சுற்றிக்கொண்டு வந்திருக்கிறார். அந்த ஒரு பல்பை யாரும் கையால் கழற்ற முடியாதபடி.

மற்ற முப்பத்தொன்பதையும் விலக்கிப் பார்த்தேன். ஒன்றிலும் டேப் இல்லை.

ஸ்டூலிலிருந்து இறங்கி என்னைப் பார்த்து ஒரு வார்த்தை சொன்னாரே, அது எத்தனாவது பல்பு என்று நான் கேட்டேனே. நாற்பது வருஷம் கார்த்திகைக்குக் கார்த்திகை அதே வார்த்தையைச் சொல்லிக் காத்திருந்தாரே. நான் "ஒண்ணும் இல்ல" என்றேன், நாற்பது தடவையும்.

டேப்பைப் பழையபடி அழுத்திவிட்டேன். பழுதான பல்பு கடைசியில் முதலாவதாக இருந்தது. என் ராசி. அதை மாற்றிச் சுவிட்சைப் போட்டேன். பட்டப்பகலில், ஆளில்லாத கூடத்தில், தரையெல்லாம் விளக்கு எரிந்தது. கொஞ்ச நேரம் அதன் நடுவில் உட்கார்ந்திருந்தேன்.

அண்ணாச்சியைத் தம் காரில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்க் கொண்டுவந்த கீழ்வீட்டு ஆண்ட்டியின் குடும்பத்தாருக்கும், நகம் உறையும் குளிரில் மயானத்துக்கு வந்து நின்ற ஆபீஸ் நண்பர்களுக்கும், பதிமூன்று நாளும் எனக்குச் சாப்பாடு அனுப்பிய ஜனக்புரித் தமிழ்க் குடும்பங்களுக்கும், இந்தக் கட்டுரையை வெட்டாமல் அச்சிடப்போகும் தங்கச்சிக்கும் நான் கடன்பட்டவன். கார்த்திகையன்று மாலை எங்கள் பால்கனியில் விளக்கு எரியும். இந்தப் பக்கம் வருகிறவர்கள் மேலே ஏறி வாருங்கள். சுவிட்சைப் போட ஓர் ஆள் தேவைப்படுகிறது. கல்யாணம் யாருக்கு என்று தெருவில் கேட்டால், கார்த்திக்குக்கு என்று சொல்லுங்கள். லட்டு கிடைக்கும்.

அண்ணாச்சி, நாற்பதையும் தொட்டுப் பார்த்துவிட்டேன். சரத்தில் லூஸு ஒன்றும் இல்லை. சுவிட்ச் பக்கத்தில் நின்றவன்தான்.